மில்லர்ஸ் சாலையில் விராட நகரம்

மௌனப்படக் காலம்: ஆறாம் பகுதி

சென்ற பகுதியில் சாமிக்கண்ணு வின்சென்ட்டோடு ஊர் ஊராகச் சுற்றினோம். திருச்சியில் ரயில்வே வரைவாளராக இருந்தவர், 1905-இல் டுபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து படம் காட்டும் கருவியையும் இயேசுவின் வாழ்க்கைப் படச்சுருள்களையும் விலைக்கு வாங்கி, வேலையை உதறிவிட்டுக் கூடாரத்தோடு புறப்பட்டவர். அவர் காட்டியதெல்லாம் வெளிநாட்டில் யாரோ எடுத்த படங்கள். நம் ஊர்க் கதையை, நம் ஊர் வெயிலில், நம் ஊர்க்காரர் ஒருவர் கேமராவின் பின்னால் நின்று எடுப்பதற்கு இன்னும் பத்தாண்டுக்கு மேல் ஆயிற்று.

அப்படி நின்றவர் ரங்கசாமி நடராஜ முதலியார். 1885-இல் வேலூரில் பிறந்தவர். தென்னிந்தியாவின் முதல் கதைப்படமான 'கீசக வத'த்தை எடுத்தவர் என்பதால், தமிழ் சினிமாவின் தந்தை என்று அவரைச் சொல்வார்கள். பட்டம் பொருத்தமானதுதான். ஆனால் அந்தப் பட்டம் அவருடைய கைகளை நம் கண்ணிலிருந்து மறைத்துவிடுகிறது. அவர் பணம் போட்டவர், இயக்கியவர், படத்தை வெட்டி ஒட்டியவர். அதற்கெல்லாம் முன்னால் அவர் ஒளிப்பதிவாளர். கேமராவின் கைப்பிடியைச் சுற்றியது அவர் கை. அந்தத் தொழிலைக் கற்றுக்கொண்ட பிறகுதான் மற்றதெல்லாம் வந்தது. ஆகவே இந்தப் பகுதியில் அவரைக் கேமராக்காரராக மட்டுமே பார்க்கப் போகிறேன்.

முதலில் அவர் செய்தது சைக்கிள் வியாபாரம். உறவினர் தர்மலிங்க முதலியாரோடு சேர்ந்து சென்னையில் சைக்கிள் விற்றார். பிறகு ரோமர் டான் அண்டு கம்பெனியை வாங்கி, அமெரிக்க மோட்டார் கார்களையும் உதிரிப் பாகங்களையும் இறக்குமதி செய்தார். இதை வெறும் பூர்வோத்தரமாக நான் சொல்லவில்லை. சைக்கிளின் பல்சக்கரம் சங்கிலியின் கண்களைக் கவ்வி இழுப்பதுபோலத்தான் கேமராவுக்குள் இருக்கும் பல்சக்கரம் படச்சுருளின் ஓரத்துளைகளைக் கவ்வி இழுக்கிறது. இயந்திரம் என்றால் மிரளாத கை, எண்ணெயும் மசகும் படிந்த கை, அவருக்கு ஏற்கெனவே வாய்த்திருந்தது. சென்னையில் அன்று நாடகம் தெரிந்தவர்கள் நிறையப் பேர் இருந்தார்கள். இயந்திரம் தெரிந்து, நிழற்படத்தில் ஆசையும் கொண்டு, கையில் கொஞ்சம் முதலும் வைத்திருந்தவர்கள் அரிது.

1913 மே மாதம் பம்பாயில் தாதாசாகேப் பால்கேயின் 'ராஜா ஹரிச்சந்திரா' வெளியானது. பால்கேயின் படங்களைப் பார்த்த முதலியாருக்குத் தாமும் எடுக்க வேண்டும் என்ற எண்ணம் பிடித்துக்கொண்டது. கற்றுக்கொள்ளப் பள்ளி கிடையாது. தமிழில் புத்தகமும் கிடையாது. அந்தச் சமயம் பூனாவில் ஸ்டுவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேய ஒளிப்பதிவாளர் இருந்தார். கர்சன் பிரபு பற்றிய ஆவணப்படத்தில் வேலை செய்தவர். முதலியார் பூனாவுக்குப் போய் அவரிடம் கேமராவைக் கையாளும் அடிப்படைகளைக் கற்றார். ஒருவர் இன்னொருவரிடம் நேரே போய்த் தொழில் கேட்டுக் கற்கும் இந்த முறைதான், பின்னால் ஸ்டுடியோக்கள் வந்த பிறகும் தமிழ் சினிமாவின் கேமராக்காரர்களை நெடுங்காலம் உருவாக்கியது.

கேமரா எங்கிருந்து வந்தது? தஞ்சாவூர்ப் பக்கத்து நிலக்கிழார் மூப்பனார் ஒருவரிடம் வில்லியம்சன் கேமரா ஒன்றும் பிரதி எடுக்கும் கருவி ஒன்றும் இருந்தன. இரண்டையும் சேர்த்து 1,800 ரூபாய்க்கு முதலியார் வாங்கினார். வில்லியம்சன் என்பது இங்கிலாந்தின் தென்கரையில் ஹோவ் என்ற கடற்கரை ஊரில் படமெடுத்த ஜேம்ஸ் வில்லியம்சன் நடத்திய கம்பெனி. பால்கே 1912-இல் லண்டனுக்குப் போய் வாங்கி வந்ததும் அதே கம்பெனியின் கேமராதான். ஆக, மராத்தியரின் முதல் கதைப்படமும் தமிழரின் முதல் கதைப்படமும் ஒரே பட்டறையின் பெட்டிகளுக்குள் பிறந்தவை.

பெட்டி என்றுதான் சொல்ல வேண்டும். மின்சார மோட்டார் இல்லாத மரப்பெட்டி. பக்கவாட்டில் கைப்பிடி. அன்றைய பொது வழக்கப்படி கைப்பிடியை ஒருமுறை சுற்றினால் எட்டுச் சட்டகங்கள் நகரும்; ஒரு விநாடிக்கு இரண்டு சுற்று, பதினாறு சட்டகம். 35 மில்லிமீட்டர் படச்சுருளில் ஓர் அடிக்குப் பதினாறு சட்டகம் அடங்கும் என்பதால் கணக்கு சுலபம்: ஒரு விநாடிக்கு ஓர் அடி. 'கீசக வதம்' 6,000 அடி நீளம். அதாவது திரையில் ஓடிய படத்துக்கு மட்டும் ஏறக்குறைய 12,000 சுற்று. ஒத்திகை, வீணாய்ப் போனவை, மறுபடி எடுத்தவை இதில் சேராது. எதிரில் கீசகன் உறுமினாலும், நடிகர் வசனத்தை மறந்து திகைத்தாலும், கேமராக்காரரின் கை ஒரே சீராகச் சுற்றிக்கொண்டே இருக்க வேண்டும். சுற்றுக் குறைந்தால் திரையில் ஆள்கள் ஓடுவார்கள். கூடினால் மிதப்பார்கள். இயக்குநரும் அவரே என்பதால், நடிப்பைக் கண்ணால் அளந்துகொண்டே கையால் காலத்தையும் அளக்க வேண்டியிருந்தது. இதைவிடக் கடினமான ஒருமுகப்பாட்டை எனக்கு யோசிக்கத் தெரியவில்லை.

முதல் உலகப் போர் நடந்துகொண்டிருந்த ஆண்டுகளில், வியாபார நண்பர்களிடம் முதல் திரட்டி இந்தியா பிலிம் கம்பெனியை முதலியார் தொடங்கினார். புரசைவாக்கம் மில்லர்ஸ் சாலையில் ஸ்டுடியோ எழுந்தது. அதன் கூரை மெல்லிய வெள்ளைத் துணி. சென்னையின் உச்சி வெயிலை அந்தத் துணியில் வடிகட்டித் தளத்தில் இறக்கினார். ஏழ்மையின் ஏற்பாடு என்று இதை நினைத்துவிடக் கூடாது. நேர் வெயிலில் நின்றவர் முகத்தில் கண்குழியும் மூக்கின் கீழும் கரிய நிழல் விழும். துணிக்குக் கீழே அந்த நிழல் கரைந்து முகம் முழுதாகத் தெரியும். ஒளிப்பதிவாளர் தேடுவது இந்த ஒளியைத்தான். இன்றைக்கும் வெளிப்புறப் படப்பிடிப்பில் நட்சத்திரத்தின் தலைக்கு மேலே வெள்ளைத் துணிச் சட்டத்தைப் பிடித்துக்கொண்டு நிற்பவர்களைப் பார்க்கிறோம். அதே வேலை.

இன்னொரு சிக்கல், படச்சுருளின் கண். அன்று கிடைத்த கறுப்பு வெள்ளைச் சுருள் நீலத்தையும் பச்சையையும் உணரும், சிவப்பை உணராது. நீல வானம் வெளுத்துப் போகும். குங்குமமும் வெற்றிலைச் சிவப்பேறிய உதடும் கறுப்பாக விழும். அரக்குச் சேலையும் கறுஞ்சேலையும் ஒன்றாகிவிடும். நாடக மேடையில் விளக்கொளிக்காகப் பூசிப் பழகிய முகப்பூச்சை அப்படியே கேமரா முன்னால் கொண்டுவர முடியாது. ராஜு முதலியார் கீசகனாகவும் ஜீவரத்தினம் திரௌபதியாகவும் நடித்தார்கள். இருவரும் நாடகத்திலிருந்து வந்தவர்கள். கடைசி வரிசைக்கும் கேட்கும் குரலை நம்பித் தொழில் செய்தவர்கள், குரலே இல்லாத ஓர் இடத்தில், இரண்டு மூன்று பாக தூரத்தில் நிற்கும் ஒற்றைக் கண்ணுக்காக நடிக்க வேண்டியிருந்தது.

அவர்களைப் பழக்குவதற்குத்தான் ரங்கவடிவேலு வந்தார். வழக்கறிஞர், பம்மல் சம்பந்த முதலியாரின் நாடகக் குழுவான சுகுண விலாச சபையில் பெண் வேடங்களுக்குப் பேர் போனவர். கதையைத் தேர்ந்ததிலும் பம்மலாரின் பங்கு உண்டு. எந்தக் கதையை எடுக்கலாம் என்று முதலியார் யோசனை கேட்டபோது, திரௌபதி கீசகன் கதையைச் சொன்னவர் அவரே. உறவினர் சிலருக்கு அது பிடிக்கவில்லை. முதல் முயற்சிக்கு, பிறர் மனைவியை இச்சித்தவன் கதையா என்று தயங்கினார்கள். கதையின் பொருத்தத்தை முதலியார் சரியாகவே கணித்தார் என்பேன். மழை வேண்டி விராட பருவம் படிக்கும் ஊர்கள் நம்முடையவை. சைரந்திரி யார், சமையற்காரன் வேடத்தில் இருப்பவன் உண்மையில் யார் என்று தமிழ்க் குழந்தைக்கும் தெரியும். பேசாத படத்துக்கு இதைவிட நல்ல துணை கிடையாது. காட்சியைப் பார்த்தவுடன் கதையைச் சனங்களே சொல்லிக்கொள்வார்கள்.

ஆனால் ஒளிப்பதிவாளருக்கு அந்தக் கதை ஒரு பொறியும் வைத்திருந்தது. கீசகன் சாவது இருட்டில். ஆடல் மண்டபத்தில், இரவில், படுத்திருப்பது திரௌபதி என்று நம்பி அவன் நெருங்க, எழுந்து நிற்பது பீமன். கதையின் உயிரே இருட்டு. முதலியாரிடம் இருந்த விளக்கோ சூரியன் ஒன்றே. மௌனப்படக் காலத்தின் எல்லா நாட்டுக் கேமராக்காரர்களுக்கும் இருந்த சங்கடம் இது. பகலில் எடுத்த காட்சியின் பிரதியை நீலச் சாயத்தில் தோய்த்து, நீலம் என்றால் இரவு என்று பார்ப்பவரைப் பழக்கிவைத்திருந்தார்கள்.

இனி பெங்களூருக்குப் போவோம். எனக்கு இந்தக் கதையிலேயே மிகப் பிடித்த பகுதி இதுதான். முதலியாரின் ஸ்டுடியோ சென்னையில். படச்சுருளைக் கழுவும் லேப் பெங்களூரில். அங்கே நாராயணசாமி ஆச்சாரி என்ற உதவியாளர் பொறுப்பில் இருந்தார். வார இறுதியானதும், எடுத்த நெகட்டிவை முதலியார் ரயிலில் கொண்டுபோய்க் கழுவி, பார்க்கக்கூடிய படமாகத் திரும்பக் கொண்டுவந்து நடிகர்களுக்குக் காட்டுவார். ஏன் இந்த அலைச்சல்? படச்சுருளின் மேல் ஒளியை உணரும் வெள்ளி உப்பு, ஜெலட்டின் படலத்தில் பதிந்திருக்கிறது. கழுவும் திரவம் ஏறக்குறைய 18 முதல் 20 டிகிரி செல்சியஸ் வரை இருந்தால் நல்லது. வெப்பம் ஏற ஏற ஜெலட்டின் ஊதி, மிருதுவாகி, ஓரம் சுருண்டு, கடைசியில் சுருளைவிட்டே வழிந்துவிடும். குளிர்சாதனம் இல்லாத அந்நாளில் சென்னைக் குழாய்த் தண்ணீர் என்ன சூட்டில் வரும் என்பதைச் சென்னைக்காரர்களிடம் சொல்லத் தேவையில்லை. பெங்களூர் கடல் மட்டத்திலிருந்து 900 மீட்டருக்கு மேலே இருக்கிறது. அந்த உயரம் தந்த குளிர்தான் 'கீசக வத'த்தைக் காப்பாற்றியது.

சிங்கப்பூரில் நான் இருக்கும் கிளமெண்டி வட்டாரத்தில், கிளமெண்டி சாலையிலுள்ள நீ ஆன் பலதுறைத் தொழிற்கல்லூரியில் திரைப்படமும் ஊடகமும் கற்பிக்கிறார்கள். அங்கே படிக்கும் மாணவர்கள் எடுத்த காட்சியை எடுத்த இடத்திலேயே பார்த்துத் திருத்திக்கொள்ளலாம். முதலியாருக்குத் தம் பிழை தெரிய ஒரு வாரமும் ஒரு ரயில் பயணமும் வேண்டும். சட்டகத்தின் ஓரத்தில் யாராவது எட்டிப் பார்த்திருந்தாலோ, ஒளி கூடிப் போயிருந்தாலோ, பெங்களூரில்தான் தெரியும். அதற்குள் அரங்கப் பொருள்களைக் கலைத்திருப்பார்கள். இப்படியே 35 நாள் படப்பிடிப்பு. மொத்தச் செலவு 35,000 ரூபாய். கேமராவும் பிரதிக் கருவியும் வாங்கிய விலை இதில் இருபதில் ஒரு பங்குதான். மிச்சமெல்லாம் சுருளும் ஆளும் அரங்கமும் நாள்களும் தின்றவை.

படத்துக்கு இடையே கதை சொல்லும் அட்டைகள் தமிழ், ஆங்கிலம், இந்தி என்று மூன்று மொழிகளில் எழுதப்பட்டன. இந்தி அட்டைகளை எழுதியவர் காந்தியின் மகன் தேவதாஸ் காந்தி. இந்தச் சிறு தகவல் எனக்கு மிக முக்கியமாகப் படுகிறது. 'கீசக வதம்' வெளியான ஆண்டை 1916 என்றும் 1917 என்றும் 1918 என்றும் ஆய்வாளர்கள் வெவ்வேறாகக் குறிக்கிறார்கள். தேவதாஸ் காந்தி இந்தி கற்பிக்கச் சென்னைக்கு வந்தது 1918-இல். அட்டைகள் முதல் வெளியீட்டுக்கே எழுதப்பட்டவை என்றால், 1918 என்பதே பொருந்தி வருகிறது. வடநாட்டுப் பிரதிகளுக்காகப் பிறகு எழுதியிருக்கலாம் என்று வாதிடவும் இடமுண்டு. ஆனாலும் என் சாய்வு 1918 பக்கமே.

சென்னையில் எல்பின்ஸ்டன் தியேட்டரில் திரையிட்ட படம், பிறகு இந்தியாவின் பிற ஊர்களுக்கும் பர்மாவுக்கும் இலங்கைக்கும் போனது. நமக்கு மெய் சிலிர்க்கும் செய்தி அதற்கடுத்தது: மலாய்க் கூட்டரசுக்கும் சிங்கப்பூருக்கும் வந்தது. எல்லா இடத்து வசூலும் சேர்ந்து 50,000 ரூபாய். செலவு போக 15,000 ரூபாய் ஆதாயம்.

அன்றைய சிங்கப்பூருக்குப் படம் புதிதல்ல. அப்துல்அலி யூசுப்அலி என்ற குஜராத்தியர் 1901 முதலே சிங்கப்பூர், சுமத்ரா, ஜாவா, பர்மா, இலங்கை என்று கூடாரத்தோடு படம் காட்டித் திரிந்தவர். பீச் ரோட்டில் அல்ஹம்ப்ரா 1907 முதல் நிலைத்த கொட்டகையாக இருந்தது. இங்கே நம் மக்களும் இருந்தார்கள்: துறைமுகத்தில், ரயில் பாதையில், சாலைப் பணியில், தோட்டங்களில். சவுத் பிரிட்ஜ் ரோட்டு மாரியம்மன் கோயிலில் திரௌபதைக்குச் சன்னிதியும் ஆண்டுதோறும் தீமிதியும் ஏற்கெனவே வேரூன்றியிருந்தன. பூக்குழிக்கு முன்னால் பாரதக் கதை கேட்டுப் பழகிய அந்த மக்கள் முன், அதே திரௌபதி வெள்ளைத் திரையில் அசைந்தாள் என்பதை நினைத்துப் பாருங்கள். சிங்கப்பூரிலேயே தயாரான முதல் முழுநீளப் படமான 'சின் கே' வந்தது 1927-இல்தான்; லியு பெய்ஜின் எடுத்த சீன மௌனப்படம் அது. அதற்குப் பல ஆண்டு முன்பே, தமிழர் ஒருவர் சுற்றிய கேமராவின் படம் இந்தத் தீவில் ஓடிவிட்டது. சிங்கப்பூரின் தமிழ்த் திரை வரலாற்றை, பேசும்படக் காலத்திலிருந்து தொடங்குவதே நம் வழக்கமாக இருக்கிறது. அதை மாற்றிக்கொள்ள வேண்டும்.

அடுத்து 'திரௌபதி வஸ்திராபகரணம்'. மேரியன் ஹில் என்ற ஆங்கிலோ இந்தியப் பெண் திரௌபதியானார். குரல் தேவையில்லாத சினிமாவில் மட்டுமே நடக்கக்கூடிய தேர்வு. பிறகு 'லவ குசா', 'மயில்ராவணன்', 'மார்க்கண்டேயா', 'காளிங்க மர்தனம்', 'ருக்மிணி சத்யபாமா'. எல்லாம் புராணம், எல்லாவற்றிலும் அவர் கேமரா.

1923-இல் ஸ்டுடியோ தீப்பிடித்து, அந்த விபத்தில் மகனையும் இழந்தார் என்று அவரைப் பற்றி எழுதியவர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். அதோடு சினிமாவைவிட்டு விலகிவிட்டார். அக்காலப் படச்சுருள் செல்லுலோஸ் நைட்ரேட்டால் ஆனது. பஞ்சை வெடிமருந்தாக்கும் ரசாயனத்தின் நெருங்கிய உறவு அது. ஒருமுறை பற்றினால் எரிவதற்கு வேண்டிய பிராணவாயுவைத் தானே வெளியிட்டுக்கொண்டு எரியும். தண்ணீரில் அமிழ்த்தினாலும் அணையாது. ஒளியைப் பிடித்து வைப்பதற்கு அந்தத் தலைமுறைப் படக்காரர்கள் பெரிதும் நம்பியிருந்த பொருள் இதுதான். வெள்ளைத் துணிக்கூரைக்குக் கீழே, நாள்தோறும் அதைக் கையிலெடுத்து வேலை செய்தார்கள். விலகிய பிறகு முதலியார் ஏறத்தாழ அரை நூற்றாண்டு வாழ்ந்தார். 1931-இல் 'காளிதாஸ்' பேசியதையும், 1956-இல் 'அலிபாபாவும் 40 திருடர்களும்' முழுக்க வண்ணத்தில் வந்ததையும் அவர் இருக்கும்போதே தமிழுலகம் கண்டது.

அவருடைய படங்களில் ஓர் அடிகூட இன்று இல்லை. இந்தியாவில் எடுத்த 1,300-க்கும் மேற்பட்ட மௌனப்படங்களில் முழுதாகவோ துண்டாகவோ எஞ்சியவை முப்பதுக்கும் குறைவு. சில எரிந்தன, சில மக்கிப் பொடியாயின, சிலவற்றை அவற்றிலிருந்த வெள்ளிக்காக உருக்கினார்கள். பூனாவில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் வந்ததே 1964-இல்தான். தென்னிந்திய மௌனப்படம் எப்படி இருந்தது என்று கண்ணால் பார்க்க வேண்டுமானால் நமக்கு 'மார்த்தாண்ட வர்மா' உண்டு. நாகர்கோவில் சுந்தரராஜ் தயாரித்து 1933-இல் வெளியான படம். படத்தின் மூல நாவலின் உரிமை பற்றிய வழக்கில் படப்பெட்டி திருவனந்தபுரத்துப் பதிப்பகத்தார் ஒருவரிடம் முடங்கிப்போய், 1974-இல் காப்பகத்தாரின் கைக்கு வந்தது. ஓடி வசூலித்த படங்கள் அழிந்தன. வழக்கில் சிக்கி ஓடாமல் போனது பிழைத்தது.

தாயகத்தில் அழிந்த படம் புலம்பெயர்ந்தோர் வீட்டில் கிடைப்பதும் உண்டு. முதலியார் மில்லர்ஸ் சாலையில் துணி கட்டிக்கொண்டிருந்த அதே ஆண்டுகளில், அன்றைய ஹங்கேரியின் கோலோஷ்வார் நகரில் யானோவிச் என்ற நாடகக்காரர் டஜன் கணக்கில் மௌனப்படம் தயாரித்தார். நாடகக்காரர்களை வைத்துக்கொண்டு, தலைநகரத்துக்கு வெளியே, வெயிலை நம்பி. அவற்றில் பெரும்பாலானவை தொலைந்துபோயின. அவருக்காகக் கெர்டேஸ் மிஹாய் இயக்கிய 'தேவையற்றவள்' என்ற படத்தின் பிரதி, தொண்ணூறு ஆண்டுக்குப் பிறகு நியூயார்க்கில் ஹங்கேரியர் சங்கக் கட்டடத்தின் நிலவறையில் கிடைத்தது. புதுப்பித்துத் திரையிட்டார்கள். அந்தக் கெர்டேஸ்தான் பின்னால் மைக்கேல் கர்டிஸ் என்ற பெயரில் ஹாலிவுட்டில் 'காசாபிளாங்கா' எடுத்தவர்.

'கீசக வத'மும் கடல் கடந்து இங்கே வந்த படம். சிங்கப்பூரின் புழுக்கத்தில் நைட்ரேட் சுருள் நூறாண்டு தாங்கியிருக்கும் என்று எனக்குப் பெரிய நம்பிக்கை இல்லை. காகிதம் தாங்கும். படக்கொட்டகை நோட்டீசு, செட்டியார் கடைக் கணக்குப் புத்தகத்தின் ஒரு வரி, தாத்தாவின் கடிதத்தில் படம் பார்த்த செய்தி, ஈப்போவிலோ பினாங்கிலோ அச்சடித்த கைப்பிரதி. 1918 முதல் 1923 வரை தேதியிட்ட எதுவானாலும், சாதாரணக் காகிதம் என்று தூக்கிப் போட்டுவிடாதீர்கள். தேசிய நூலகத்தாரிடம் காட்டுங்கள். ஒருவேளை துருப்பிடித்த வட்டத் தகரப்பெட்டி கிடைத்து, திறந்தால் பழைய காலுறை வாடையோ, தேன்போல் ஒட்டும் பழுப்புப் பசையோ இருந்தால், அதை அடுப்பறையிலிருந்தும் வெயிலிலிருந்தும் தள்ளி வையுங்கள். சுருளைப் பிரித்துப் பார்க்க வேண்டாம். விளக்கின் முன் பிடிக்க வேண்டாம். ஏஷியன் ஃபிலிம் ஆர்க்கைவ் அமைப்புக்குச் சொன்னால் என்ன செய்வதென்று அவர்களுக்குத் தெரியும்.

அடுத்த பகுதியில் ரகுபதி வெங்கையா. 1914-இல் சென்னையில் கெயிட்டி தியேட்டரைக் கட்டிய நிழற்படக்காரர். மகன் பிரகாஷைப் படத்தொழில் கற்க இங்கிலாந்துக்கே அனுப்பியவர். அவர்கள் புரசைவாக்கத்தில் எழுப்பிய ஸ்டுடியோவுக்குக் கூரை துணியல்ல, கண்ணாடி.

(தொடரும்)